அகச்சிவப்பும் புற ஊதாவும் நம் தோலை என்ன செய்கின்றன? டெல்டாவில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தோல் பிரிவில் செவிலியராக இருபத்தாறு ஆண்டு வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான். ஊர் குடமுருட்டிக் கரையில். இன்றைக்கும் தெருவிலோ கோயில் வாசலிலோ கல்யாணப் பந்தியிலோ யாராவது கையை நீட்டிக் காட்டி, "சித்தி, இது என்ன பாருங்களேன்" என்பார்கள். அப்படிக் கேட்டவற்றையும் நான் சொன்ன பதில்களையும் இங்கே எழுதி வைக்கிறேன். எல்லாவற்றுக்கும் அடியில் ஓடுவது ஒரே விஷயம். வெயிலில் நமக்குச் சுடுவது ஒரு கதிர். தோலைக் கெடுப்பது பெரும்பாலும் வேறொரு கதிர். முன்னதைத் தோல் உடனே உணரும். பின்னதை உணரவே உணராது.

அகச்சிவப்பு, புற ஊதா என்கிறார்களே, அவை என்ன?

வானவில்லின் ஒரு ஓரம் ஊதா, மறு ஓரம் சிவப்பு. ஊதாவைத் தாண்டி இருப்பது புற ஊதா, சிவப்பைத் தாண்டி இருப்பது அகச்சிவப்பு. இரண்டுமே கண்ணுக்குத் தெரியாது.

1800-இல் வில்லியம் ஹெர்ஷல் கண்ணாடிப் பட்டகத்தால் வெயிலை நிறம் நிறமாகப் பிரித்து, ஒவ்வொரு நிறத்திலும் வெப்பமானியை வைத்துப் பார்த்தார். சிவப்பையும் தாண்டி வெளிச்சமே விழாத இடத்தில் வைத்ததுதான் அதிகமாகச் சூடேறியது. மறு ஆண்டே யோஹான் வில்ஹெல்ம் ரிட்டர் எதிர்ப் பக்கம் தேடினார். ஒளி பட்டால் கறுக்கிற வெள்ளி குளோரைடை ஊதாவுக்கு அப்பால் வைத்தார். ஊதாவில் கறுத்ததைவிட அங்கே வேகமாகக் கறுத்தது. ஒரு கதிர் வெப்பமானியைச் சூடாக்கியது, இன்னொன்று ரசாயனத்தையே மாற்றியது. நம் தோலிலும் அவை செய்வது அதைத்தான்.

தரைக்கு வந்து சேரும் வெயிலின் ஆற்றலில் ஏறக்குறைய பாதி அகச்சிவப்பு. புற ஊதா நூற்றுக்கு ஐந்து பங்குதான். தோல் பிரிவுக்கு வெயிலால் வருகிறவர்களில் பெரும்பாலோரை அனுப்பி வைப்பது அந்த ஐந்து பங்கு.

புற ஊதாவிலும் மூன்று வகை உண்டு. அலைநீளத்தை வைத்துப் பிரிக்கிறார்கள்: 315 முதல் 400 நானோமீட்டர் வரை யுவி-ஏ, 280 முதல் 315 வரை யுவி-பி, அதற்கும் கீழே யுவி-சி. சூரியனிலிருந்து வரும் யுவி-சி முழுவதையும், யுவி-பியில் பெரும்பகுதியையும் மேலே ஓசோன் படலம் விழுங்கிவிடுகிறது. நம் மேல் படும் புற ஊதாவில் சுமார் 95 விழுக்காடு யுவி-ஏ.

கத்திரி வெயில்தானே கொடுமை? தை மாத அறுப்பு வெயில் இதமாக இருக்கிறதே, அதில் என்ன ஆகப்போகிறது?

எல்லோரும் தவறாகப் புரிந்துகொண்டிருப்பது இந்த இடத்தில்தான். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

இதம், கொடுமை என்று நாம் சொல்வதெல்லாம் காற்றின் சூட்டையும் அகச்சிவப்பையும் வைத்துத்தான். தோலில் சூட்டை அறிய நரம்பு இருக்கிறது. சுமார் 43 டிகிரி செல்சியஸ் தொட்டதும் வலி நரம்பு கத்த ஆரம்பிக்கும். அந்த நரம்பில் சூட்டை உணர்கிற ஏற்பிதான் மிளகாய்க் காரத்தையும் உணர்கிறது. அதைக் கண்டறிந்ததற்காக டேவிட் ஜூலியஸுக்கு 2021-இல் நோபல் பரிசில் பங்கு கிடைத்தது. ஆனால் புற ஊதாவை அறிய ஒரு நரம்பும் கிடையாது. அது எவ்வளவு விழுகிறது என்பதைக் காற்றின் சூடு தீர்மானிப்பதில்லை, சூரியன் எவ்வளவு உயரத்தில் நிற்கிறது என்பதே தீர்மானிக்கிறது.

தஞ்சாவூர் நிலநடுக்கோட்டுக்கு வடக்கே சுமார் 10.8 பாகையில் இருக்கிறது. சூரியன் இங்கே ஆண்டுக்கு இரண்டு முறை நேர் உச்சிக்கு வருகிறது. ஒன்று ஏப்ரல் 18-ஐ ஒட்டி, அதாவது சித்திரை பிறந்த முதல் வாரம். மற்றொன்று ஆகஸ்ட் 25-ஐ ஒட்டி, ஆவணியில். மே 4 வாக்கில் தொடங்கும் கத்திரிக்கு இரண்டு வாரம் முன்னாலேயே சூரியன் தலைக்கு நேரே வந்துவிட்டுப் போகிறது. ஆவணியில் சாயங்கால மழை பெய்து ஊர் குளிர்ந்திருக்கும், ஆனால் அன்றைய உச்சிவெயிலின் புற ஊதா சித்திரைக்குச் சளைத்ததல்ல.

தைக்கு வருவோம். சம்பா அறுப்பு நடக்கும் ஜனவரிக் கடைசியில் நண்பகல் சூரியன் அடிவானத்திலிருந்து ஏறக்குறைய 60 பாகை உயரத்தில் நிற்கிறது. லண்டனில் ஆண்டிலேயே சூரியன் மிக உயரமாக நிற்கும் ஜூன் மாத நண்பகலில்கூட 62 பாகைதான். அந்த ஊர்க்காரர்கள் தோல் கன்றிவிடும் என்று பயப்படுகிற கோடை வெயிலுக்கு நம் தை வெயில் ஈடு. போதாததற்கு வெப்பமண்டலத்தின் மேலே ஓசோன் படலமும் மெல்லியது. பனிக்காலக் காற்று சூட்டை மறைத்துவிடுவதால், "வெயிலே தெரியல" என்று சொல்லிக்கொண்டே நாள் முழுக்க நிற்கிறோம்.

கருவி எதுவும் வேண்டாம், உங்கள் நிழலைப் பாருங்கள். நிழல் உங்கள் உயரத்தைவிடக் குட்டையாக இருந்தால் புற ஊதா பலமாக விழுகிற நேரம். ஒரு நாளின் புற ஊதாவில் ஏறக்குறைய 60 விழுக்காடு காலை 10 மணிக்கும் பகல் 2 மணிக்கும் இடையில்தான் வருகிறது.

மேகம் மூடியிருந்தால் பரவாயில்லையா?

மெல்லிய மேகம் சூட்டைத் தடுக்கிற அளவுக்குப் புற ஊதாவைத் தடுக்காது. பெரும்பகுதி கீழே வந்துவிடும். கருமேகம் கவிந்து இருட்டினால் குறையும். நாகப்பட்டினம், தரங்கம்பாடிக் கரையில் கடற்காற்று வீசுகிறது என்பதற்காக எதுவும் குறையாது.

நடவு நடும்போது வயல் தண்ணீரிலிருந்து வெயில் திருப்பி அடிப்பதால்தான் முகம் கறுக்கிறதா?

ஓரளவுக்குத்தான். தண்ணீர் திருப்பி அனுப்பும் புற ஊதா பத்தில் ஒரு பங்குக்கும் குறைவு. காய்ந்த கடற்கரை மணல் சுமார் 15 விழுக்காடு, அலை நுரை 25 விழுக்காடு. வேதாரண்யம் உப்பளத்தில் வெள்ளைக் குவியலுக்கு நடுவே வேலை செய்கிறவர்களுக்குக் கண் கூசுவதும், மோவாய்க்கு அடியில்கூடத் தோல் கறுப்பதும் இப்படிக் கீழிருந்து வரும் ஒளியால்தான்.

வயலில் முகத்துக்கு வருவது பெரும்பாலும் வானத்திலிருந்து. புற ஊதா காற்றில் நன்றாகச் சிதறும். நேர் வெயில் படாத பக்கமும் திறந்த வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தால் பங்கு வந்துவிடும். தென்னை நிழலில் உட்கார்ந்தும் கறுப்பதற்கு அதுவே காரணம். அந்த நிழலில் ஓட்டை அதிகம். புங்கை நிழல் அடர்த்தியானது.

நடவாட்களிடம் நான் முதலில் பார்ப்பது பிடரியைத்தான். நாள் முழுக்கக் குனிந்திருப்பதால் பிடரி வானத்தைப் பார்த்தபடியே கிடக்கிறது. முப்பது நாற்பது வருடம் நட்ட பாட்டியின் பிடரியைத் தொட்டுப் பாருங்கள். தோல் தடித்து, குறுக்கும் நெடுக்கும் பள்ளம் விழுந்து, கோடை வயல் வெடித்தது போல் இருக்கும். அதே பாட்டியின் வயிற்றுத் தோல் மிருதுவாக இருக்கும். இரண்டுக்கும் வயது ஒன்று, பட்ட வெயில்தான் வேறு.

தோலுக்குள்ளே போய் அது என்னதான் செய்கிறது?

யுவி-பி மேல்தோலோடு நின்றுவிடும். ஆனால் அங்கே இருக்கும் உயிரணுக்களின் டிஎன்ஏவை நேரடியாகத் தாக்கும். டிஎன்ஏ ஏணியில் பக்கத்துப் பக்கத்துப் படிகள் இரண்டை ஒட்டவைத்துவிடும். உடம்பிலேயே இதைச் செப்பனிடும் ஏற்பாடு உண்டு. ஒட்டிய துண்டை வெட்டியெடுத்துப் புதுத் துண்டு போடும். தினமும் இந்த வேலை நடக்கிறது. செப்பனிடத் தவறியவை ஆண்டுக்கணக்கில் சேர்ந்தால் புற்று வரலாம். சூரியக் கதிரைப் புற்றுநோய் உண்டாக்கும் காரணிகளின் முதல் பிரிவில் உலக அளவில் 1992-லேயே சேர்த்துவிட்டார்கள்.

வெயிலில் கன்றுவது உடனே தெரியாது. மூன்று முதல் ஐந்து மணி நேரம் கழித்துத் தொடங்கி, அரை நாள் ஒரு நாளில் உச்சத்துக்குப் போகும். "மத்தியானம் ஒண்ணுமில்ல, ராத்திரிதான் எரியுது" என்று வருவார்கள். மத்தியானமே எல்லாம் நடந்து முடிந்திருக்கும்.

யுவி-ஏ இன்னும் ஆழமாக, அடித்தோல் வரைக்கும் போகும். தோலை இழுத்துப் பிடித்திருக்கும் கொலாஜன் இழைகள் அங்கேதான் இருக்கின்றன. அவற்றை மெல்ல மெல்லத் தளர்த்தும். ஜன்னல் கண்ணாடி யுவி-பியைத் தடுத்துவிடும், யுவி-ஏயை விட்டுவிடும். நீண்ட காலம் லாரி ஓட்டியவர்களின் வலது கையும் வலது கன்னமும் இடதைவிடக் கறுத்து, சுருங்கியிருப்பதைப் பல பேரிடம் பார்த்திருக்கிறேன்.

கறுப்பதும் இரண்டு விதம். வெயிலில் நின்ற சில நிமிடங்களிலேயே கறுப்பது யுவி-ஏயால். ஏற்கெனவே உள்ள நிறமி நிறம் மாறுகிறது. இரண்டு மூன்று நாள் கழித்துக் கறுப்பது மெலனின் என்ற அந்த நிறமி புதிதாக உற்பத்தியாவதால். அந்த மெலனின் உயிரணுக்குள் போய், டிஎன்ஏ இருக்கும் கருவுக்கு மேலே குடை பிடித்தாற்போல் கவிந்து நிற்கும். காக்க வேண்டியது டிஎன்ஏவை என்று உடம்புக்குத் தெரிந்திருக்கிறது. நுண்ணோக்கியில் முதல்முறை அதைப் பார்த்த அன்று எனக்கு உண்மையாகவே கண் கலங்கியது. கறுத்துப் போச்சே என்று வருத்தப்படுகிற ஒவ்வொரு பெண்ணிடமும் அந்தக் குடையைப் பற்றிச் சொல்லிவிடுவேன்.

அப்படியானால் நம்மைப் போல் கறுப்பானவர்களுக்குக் கவலையில்லைதானே?

வெயிலால் வரும் தோல் புற்று நமக்குக் குறைவு, அது உண்மை. மெலனினுக்குத்தான் நன்றி சொல்ல வேண்டும். ஆனால் மங்கு, அதாவது முகத்தில் படரும் கருந்திட்டு, நமக்குத்தான் அதிகம். நம் போன்ற தோலில் புற ஊதா மட்டும் இல்லாமல், கண்ணுக்குத் தெரியும் ஒளியும்கூட மங்கைக் கூட்டும். அடுப்புச் சூடும் சேர்ந்துகொள்ளும். கண்ணின் வெள்ளையில் சதை வளர்ந்து கருவிழிமேல் ஏறுவது விவசாயிகளுக்கும் மீனவர்களுக்கும் அதிகம்; அதற்கும் புற ஊதா ஒரு காரணம்.

பிறவியிலேயே மெலனின் இல்லாத வெண்தோல் பிள்ளைகளின் கதையே வேறு. அவர்களுக்கு இந்த டெல்டா வெயிலில் சிறு வயதிலேயே புற்று வரலாம். முழுக்கைச் சட்டை, அகலத் தொப்பி, கறுப்புக் கண்ணாடி, சன்ஸ்கிரீன் எல்லாமே அவர்களுக்கு மருந்துக்குச் சமம். வெயிலில் நிற்கவைக்கும் பிரேயரிலிருந்தும் விளையாட்டு வகுப்பிலிருந்தும் விலக்குக் கேளுங்கள். தயங்க வேண்டாம்.

அடுப்பனலில் நிற்கிறவர்களுக்கும் தோல் கெடுமா?

கெடும். இங்கே குற்றவாளி அகச்சிவப்பு.

என் அம்மாவின் இரண்டு கணுக்காலுக்கும் முழங்காலுக்கும் நடுவே, முன்பக்கம் மட்டும், மீன்வலையை ஒட்டவைத்தாற்போல் பழுப்புக் கோடுகள் இருந்தன. குந்தி உட்கார்ந்து விறகு அடுப்பில் நெல் அவித்த கால்கள் அவை. தொட்டால் வழவழப்பாக இருக்கும், வலிக்காது. பிறந்ததிலிருந்தே இருக்கும் மச்சம் என்றுதான் சின்னப் பிள்ளையில் நினைத்தேன். செவிலியர் படிப்பில் ஒரு படத்தைக் காட்டி, தீப்புண் ஆகாத அளவுச் சூடு, ஏறக்குறைய 43 முதல் 47 டிகிரி, திரும்பத் திரும்ப ஆண்டுக்கணக்கில் பட்டால் தோலடி ரத்தக்குழாய்களின் வலைப்பின்னல் அப்படியே நிறமாகப் பதிந்துவிடும் என்று சொன்னபோதுதான் அம்மாவின் கால் எனக்குப் புரிந்தது.

ஆரம்பத்திலேயே சூட்டிலிருந்து விலகினால் மங்கிப் போகும். பல வருடம் விட்டால் நிலைத்துவிடும். அபூர்வமாக அந்த இடத்தில் புற்றும் வரும். காஷ்மீரில் குளிருக்கு ஆடைக்குள் வைத்துக்கொள்ளும் காங்கிரி என்ற கனல் சட்டியால் தொடையிலும் வயிற்றிலும் வரும் புற்றுக்குக் காங்கிரிப் புற்று என்றே பெயர். வெந்நீர்ப் பையை இடுப்பில் நாள்தோறும் வைப்பவர்களுக்கும், லேப்டாப்பை மடியிலேயே வைத்திருக்கும் பிள்ளைகளுக்கும் இதே வலை விழுவதைப் பார்த்திருக்கிறேன்.

சுவாமிமலையில் தோழி வீட்டு வார்ப்புப் பட்டறையில் ஒருநாள் நின்றேன். மெழுகுக் கருவுக்கு மேலே காவிரி வண்டலைப் பூசி, கம்பி கட்டி, வறட்டி நெருப்பில் மெழுகை உருக்கி வடித்துவிட்டு, வாய் மேலே பார்க்க மண்ணில் புதைத்திருந்தார்கள். மூசையைத் தூக்கி உலோகம் ஊற்றும் அந்த அரை நிமிடத்தில், எட்டடி தள்ளி நின்ற என் முகத்தில் யாரோ அறைந்தாற்போல் அனல் வந்தது. ஊற்றியவர் முன்கையில் மயிரே இல்லை. ஆயிரம் டிகிரியை ஒட்டிய உலோகம் வீசுவது ஏறக்குறைய முழுக்க அகச்சிவப்புதான். அதன் பெரும்பகுதி தோலின் மேற்பரப்பிலேயே நின்றுவிடுவதால்தான் அப்படிச் சுரீரென்று சுடுகிறது.

அவர்களிடம் நான் சொன்னது இதுதான். அனல் நேர்க்கோட்டில் வரும், அதனால் நடுவே ஒரு தகரத் தட்டி இருந்தாலே பெரும்பகுதி நின்றுவிடும். தூரத்தை இரட்டிப்பாக்கினால் அனல் ஏறக்குறைய கால்பங்காகும். இரண்டு எட்டுப் பின்னால் நிற்பதில் அவ்வளவு லாபம். கண்ணுக்கு உலை வேலைக்கான கண்ணாடி கட்டாயம் வேண்டும், வருடக்கணக்கில் உலையைப் பார்க்கிறவர்களுக்குக் கண்புரை சீக்கிரம் வரும். நாச்சியார்கோயிலில் குத்துவிளக்கு வார்ப்பவர்களுக்கும், திருவையாற்றில் அசோகா அல்வா கிண்டுகிறவர்களுக்கும், பரோட்டாக் கல் முன்னால் நிற்கும் மாஸ்டருக்கும் இதுவே பொருந்தும்.

வெயிலின் அகச்சிவப்பும் தோலை முதுமையாக்குமா?

கொலாஜனை அரிக்கும் நொதியை அகச்சிவப்பு தூண்டுவதை ஆய்வுக்கூடங்களில் கண்டிருக்கிறார்கள். சாதாரண வெயிலில் அது எவ்வளவு தூரம் நடக்கிறது என்பதில் அறிஞர்களிடையே ஒத்த கருத்து இல்லை. அகச்சிவப்பைத் தடுக்கும் என்று கூடுதல் விலை போட்டு விற்கும் கிரீமுக்குப் பணம் கொடுக்க வேண்டாம் என்பது என் கருத்து.

பிசியோதெரபியில் சிவப்பு லைட் காட்டுகிறார்களே, அது நல்லதா?

வலிக்கு இதம்தான். ரத்த ஓட்டம் கூடும், தசை தளரும். ஆனால் சர்க்கரை நோயால் கால் மரத்தவர்கள் அதைக் கால்மேல் காட்டவே கூடாது. சூட்டைச் சொல்லும் நரம்பு செத்திருக்கும். தோல் வெந்தாலும் தெரியாது.

இதே காரணத்தால்தான் பெரிய கோயில் பிராகாரத்தில் மத்தியானம் வெறுங்காலோடு நடந்துவிட்டு, மறுநாள் உள்ளங்காலில் கொப்புளத்தோடு வருகிறார்கள். அது கதிரில்லை, கல்லிலிருந்து நேரே ஏறும் சூடு. கல்லைச் சூடாக்கியது மட்டும் வெயில். சர்க்கரைக்காரர்கள் காலை எட்டு மணிக்குள் அல்லது பொழுது சாய்ந்து தரிசனம் செய்யுங்கள். வேளாங்கண்ணிக்கு நடந்து போகிறவர்கள் செருப்பில்லாமல் தார்ச்சாலையில் நடக்காதீர்கள். மாதா கோபித்துக்கொள்ள மாட்டாள்.

நெற்றியில் துப்பாக்கிபோல் காட்டும் தெர்மாமீட்டர் மூளைக்குள் கதிர் அனுப்புகிறதா?

இல்லை. நம் தோல் எப்போதும் அகச்சிவப்பை வெளியிட்டுக்கொண்டே இருக்கிறது. கருவி அதை வாங்கிக் கணக்குப் போடுகிறது, அவ்வளவுதான்.

கார்போகரிசி போட்ட நலங்கு மாவு தோலுக்கு நல்லதுதானே?

நல்லதுதான், குளித்து முழுக்க அலசிவிட்டால். கார்போகரிசியில் சோராலென் என்ற பொருள் இருக்கிறது. அது தோலில் இருக்கும்போது யுவி-ஏ பட்டால் தோல் பல மடங்கு கூசும், கொப்புளிக்கும், பிறகு கருந்திட்டாகும். எலுமிச்சைத் தோலிலும் அதே குடும்பப் பொருள் உண்டு. எலுமிச்சம்பழச் சாற்றை முகத்தில் தேய்த்துக்கொண்டு வெயிலில் போய், சாறு வழிந்த கோடு அப்படியே கறுப்பாகப் பதிந்து வந்த கல்யாணப் பெண்ணை நான் பார்த்திருக்கிறேன். முகூர்த்தத்துக்கு மூன்று நாள்தான் இருந்தது.

இந்தக் குணத்தையே மருத்துவம் பயன்படுத்திக்கொள்கிறது. வெண்புள்ளிக்கும் சோரியாசிஸுக்கும் சோராலென் கொடுத்து யுவி-ஏ காட்டும் முறை 1970களிலிருந்து இருக்கிறது. இப்போது பெரும்பாலும் மருந்தில்லாமல் 311 நானோமீட்டர் யுவி-பி மட்டும் காட்டுகிறார்கள். ஒளியால் தோல் காசநோயைக் குணப்படுத்தியதற்காக நீல்ஸ் ஃபின்சனுக்கு 1903-லேயே நோபல் பரிசு கிடைத்தது. ஆக, புற ஊதா எதிரி என்று ஒரே சொல்லில் முடித்துவிட முடியாது. அளந்து, நொடிக்கணக்கில் கொடுக்க வேண்டிய மருந்து அது. வெண்புள்ளிமேல் வீட்டில் கார்போகரிசி அரைத்துப் பூசிக்கொண்டு வெயிலில் உட்காருவது அளவில்லாமல் ஊசி போட்டுக்கொள்வதற்குச் சமம். வெந்த தோலோடு வந்த குழந்தைகளுக்குக் கட்டுப் போட்டிருக்கிறேன். தயவுசெய்து செய்யாதீர்கள்.

மாத்திரை சாப்பிட்டால் வெயில் ஒத்துக்கொள்ளாதா?

சில மாத்திரைகளுக்கு அப்படித்தான். டெல்டாவில் முக்கியமாகச் சொல்ல வேண்டியது டாக்ஸிசைக்ளின். எலிக்காய்ச்சலுக்கும், அது வராமல் தடுக்கவும் வயல் வேலை செய்பவர்களுக்கே இதைக் கொடுப்பார்கள்; வெயிலில் கூசவைப்பதும் இதுதான். மாத்திரையை நிறுத்தாதீர்கள், எலிக்காய்ச்சல் உயிரைக் குடிக்கும். சாப்பிடுகிற நாட்களில் கை, கழுத்து, காதை மூடிக்கொள்ளுங்கள். ரத்த அழுத்தத்துக்குக் கொடுக்கும் ஹைட்ரோகுளோரோதயசைடும், மூட்டுவலிக்குப் பூசும் கீட்டோப்ரோஃபென் களிம்பும் இந்த வகைதான்.

களை எடுத்துவிட்டு வந்தால் முகம் அரித்துத் தடிக்கிறது. வெயிலா, செடியா?

பார்த்தீனியமாக இருக்கலாம். நான் பார்க்கும் அடையாளம் இது. வெயில் அலர்ஜி மேல் இமை, காதுக்குப் பின்புறம், மோவாய்க்கு அடி போன்ற நிழல் விழும் இடங்களை விட்டுவிடும். பார்த்தீனியத் தூள் காற்றில் வருவது. இமையையும் கழுத்து மடிப்பையும் முழங்கை மடிப்பையும்கூட விடாது. பல வருடம் போனால் இரண்டும் சேர்ந்துகொள்வதும் உண்டு. கன்னம் இரண்டிலும் மூக்குமேலும் பட்டாம்பூச்சிபோல் சிவந்து, கூடவே மூட்டுவலியும் முடி உதிர்வும் இருந்தால் அது வேறு நோய், உடனே டாக்டரிடம் போக வேண்டும்.

சன்ஸ்கிரீன் வாங்கலாமா? எது நல்லது?

வயல் வேலைக்குப் போகிறவர்களுக்கு என் முதல் பதில் துணி. நம் நடவுப் பெண்கள் சேலைக்கு மேலே வீட்டு ஆம்பளையின் பழைய முழுக்கைச் சட்டையைப் போட்டு, தலையில் துண்டைச் சுற்றி, காதை மூடி முடிச்சுப் போடுகிறார்களே, அதற்கு ஈடான பாதுகாப்பு எந்த டியூபிலும் இல்லை. ஒரு திருத்தம் மட்டும் சொல்வேன். துண்டின் முனையைப் பிடரிமேல் தொங்கவிடுங்கள். துணியை வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பாருங்கள். வெளிச்சம் தெரிந்தால் புற ஊதாவும் நுழையும். நனைந்த மெல்லிய வெள்ளைப் பருத்தி பாதிக் காவல்தான், காய்ந்த, சற்றே அடர்நிறத் துணி நல்லது. கன்னங்கறுப்புத் துணி புற ஊதாவை நன்றாகத் தடுக்கும், ஆனால் சூட்டை வாங்கி உடம்பைத் தகிக்க வைக்கும்.

மங்கு உள்ளவர்கள், வெயில் அலர்ஜிக்காரர்கள், பைக்கில் அலைகிறவர்களுக்கு சன்ஸ்கிரீன் வேண்டும். டப்பாவில் எஸ்பிஎஃப் என்று ஒரு எண் போட்டிருக்கும்; எஸ்பிஎஃப் 30 யுவி-பியில் சுமார் 97 விழுக்காட்டைத் தடுக்கும், 50 சுமார் 98. அந்த ஒரு விழுக்காட்டுக்காக இரட்டை விலை கொடுக்க வேண்டாம். யுவி-ஏக்கு பிஏ என்று எழுதி மூன்று கூட்டல் குறி இருக்கிறதா என்று பாருங்கள். மங்குக்கு இரும்பு ஆக்சைடு கலந்த, தோல் நிறத்தில் இருப்பது நல்லது. முகத்துக்கும் கழுத்துக்கும் சேர்த்து இரண்டு விரல் நீளம் பிழிந்து பூச வேண்டும். பொட்டுப்பொட்டாக வைத்தால் டப்பாவில் எழுதியிருக்கும் காவல் கிடைக்காது. வியர்த்தால் இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை மறுபடி பூசுங்கள். தேங்காயெண்ணெய், சந்தனம், மஞ்சள் எதுவும் இதற்கு மாற்று இல்லை.

சிவப்பழகுக்கு என்று மருந்துக்கடையில் பெயர் சொல்லி வாங்கும் சில களிம்புகளில் ஸ்டீராய்டு இருக்கிறது. முதல் மாதம் பளபளப்பு. பிறகு தோல் காகிதம்போல் மெலிந்து, ரத்தக்குழாய் தெரிந்து, வாசலில் கோலம் போடும் நேர வெயிலைக்கூடத் தாங்காது. இதைப் பற்றிப் பேசும்போது எனக்குக் கோபம் வரும். டாக்டர் சீட்டு இல்லாமல் அதை விற்கவே கூடாது.

விட்டமின் டிக்குக் காலை இளவெயில் போதுமா?

ஏழு மணி வெயில் மனதுக்கு இதம், விட்டமின் டிக்குப் பயனில்லை. அதைத் தயாரிக்க யுவி-பி வேண்டும்; சூரியன் தாழ்வாக இருக்கும்போது அது தரைக்கு வராது. வீட்டுக்குள்ளேயே இருப்பவர்கள் பத்து மணி வாக்கில் முன்கையும் முகமும் படும்படி கால்மணி, அரைமணி நேரம் மாடியிலோ வாசலிலோ இருக்கலாம். கண்ணாடி ஜன்னலுக்குப் பின்னால் உட்கார்ந்தால் ஒன்றும் கிடைக்காது. வயதாக ஆகத் தோலின் உற்பத்தி குறையும் என்பதால் முதியவர்கள் டாக்டரிடம் கேட்டு மாத்திரை எடுப்பது நல்லது.

பிறந்த குழந்தையின் மஞ்சள் காமாலைக்கு வெயிலில் காட்டுவதை நம்பாதீர்கள். ஆஸ்பத்திரியில் வைக்கும் விளக்கு புற ஊதா இல்லை, நீல ஒளி. 460 முதல் 490 நானோமீட்டர். வெயிலில் அந்த அளவைப் பிடிக்க முடியாது, பிஞ்சுத் தோல்தான் கன்றும். மஞ்சள் வயிறு வரை, கால் வரை இறங்கினால் அன்றைக்கே தூக்கிக்கொண்டு ஓடுங்கள்.

வேர்க்குரு இந்தக் கதிர்களாலா?

இல்லை. வியர்வை வாய் அடைத்துக்கொள்வதால். காற்றும் குளியலும் போதும்.

வெல்டிங் பட்டறையில் இருந்தால் தோல் ஏன் வெயிலில் நின்றதுபோல் உரிகிறது?

வெல்டிங் பொறியில் அகச்சிவப்பு, புற ஊதா இரண்டும் உண்டு. ஓசோன் தடுத்து வைத்திருக்கும் யுவி-சியும் அதில் இருக்கிறது. அது ஒன்றிரண்டு கைத்தூரத்திலேயே பிறக்கிறது, நடுவில் தடுக்க எதுவும் இல்லை. சட்டைப் பொத்தானைத் திறந்துவிட்டு வேலை செய்யும் பையன்களின் நெஞ்சில் வி வடிவத்தில் தோல் உரியும். வெறுங்கண்ணால் பார்த்தால் ஆறு முதல் பன்னிரண்டு மணி நேரம் கழித்து, நடு ராத்திரியில், கண்ணில் மணல் கொட்டினாற்போல் உறுத்தும். அப்போது தாய்ப்பாலோ விளக்கெண்ணெயோ விடாதீர்கள். சுத்தமான ஈரத்துணியை மூடிய கண்மேல் போட்டு, காலையில் கண் டாக்டரிடம் போங்கள்.

வெயிலில் கன்றிப் போனால் வீட்டில் என்ன செய்வது?

நிழலுக்கு வந்து, குளிர்ந்த தண்ணீரில் நனைத்த பருத்தித் துணியைக் கால்மணி நேரம் மாற்றி மாற்றிப் போடுங்கள். ஐஸ் வேண்டாம், பற்பசை வேண்டாம், இங்க் வேண்டாம். மோரும் நீராகாரமும் குடியுங்கள். கற்றாழைச் சோறு இதம் தரும்; மடலை வெட்டினால் கசியும் மஞ்சள் நிறப் பாலைக் கழுவிவிட்டுச் சோற்றைப் பூசுங்கள், அந்தப் பால்தான் அரிக்கும். கொப்புளத்தை உடைக்காதீர்கள். காய்ச்சல், வாந்தி, குழப்பமான பேச்சு வந்தால் அது தோல் பிரச்சினை இல்லை, வெப்பத்தாக்கு, 108-ஐக் கூப்பிடுங்கள்.

எந்தப் புண்ணை, எந்த மச்சத்தைப் பார்த்துப் பயப்பட வேண்டும்?

ஒரு மாதத்துக்குமேல் ஆறாத புண், ஆறி ஆறித் திரும்ப ரத்தம் கசியும் பொருக்கு, கீழ் உதட்டில் உரிந்துகொண்டே இருக்கும் வெள்ளைத் திட்டு, பழைய தீப்புண் தழும்பிலோ அடுப்பனல் வலையிலோ புதிதாக எழும்பும் முண்டு. இவற்றைக் காட்டுங்கள். நம் போன்ற தோலில் கொடிய கரும்புற்று பெரும்பாலும் வெயில் படும் இடத்தில் வருவதில்லை. உள்ளங்காலில், உள்ளங்கையில், நகத்துக்கு அடியில் வரும். வெறுங்காலோடு சேற்றில் நடக்கிறவர்கள் உள்ளங்காலைப் பார்ப்பதே இல்லை. குளிக்கும்போது திருப்பிப் பாருங்கள், முடியாத பெரியவர்களுக்குப் பேரப்பிள்ளைகள் பார்த்துச் சொல்லுங்கள். சந்தேகமான மச்சத்தின் பக்கத்தில் ஒரு ரூபாய் நாணயத்தை வைத்து, தேதியோடு செல்போனில் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். பெரிதாகிறதா, ஓரம் கோணலாகிறதா, நிறம் கலக்கிறதா என்று அடுத்த மாதம் அதே நாணயத்தோடு இன்னொரு படம். மாற்றம் தெரிந்தால் இரண்டு படத்தையும் எடுத்துக்கொண்டு தோல் டாக்டரிடம் போங்கள்.